பாய்தற் கலையும் பயிற்றற் கலையும்
கலாநிதி நாகலிங்கம் எதிர்வீரசிங்கம் வாழ்வு குறித்த ஓர் ஆய்வு

யாழ்ப்பாணக் குடாநாட்டின் வடகரையிலே, கடல் அலை வந்து மோதும் சுண்ணக்கற் பாறையின் அடியில், நன்னீர் ஊறிப் பெருகும் தலம் கீரிமலை. கீரிமுகம் பெற்றிருந்த நகுலமுனிவர் இத்தீர்த்தத்தில் ஆடி அம்முகம் நீங்கப் பெற்றார் என்றும், குதிரைமுகம் உற்ற சோழ அரசிளங்குமரி மாருதப்புரவீகவல்லி இந்நீராடியே பிணி தீர்ந்தாள் என்றும் தலவரலாறு கூறும். ஈழத்துப் பஞ்ச ஈச்சரங்களுள் ஒன்றாகிய நகுலேச்சரம் இங்கே விளங்குகின்றது. ஆடி அமாவாசையன்று பிதிர்க்கடன் கழிக்க வருவோரும், ஏனைய நாள்களில் உடல்நலம் கருதி நீராட வருவோரும் இக்கேணியை நாடுவர். உடலின் குறை நீங்குதலைத் தெய்வ அருளோடு பிணைத்துப் பேசும் ஒரு தலத்தின் அயலிலே, உடலின் ஆற்றலை உலகறியச் செய்த ஒருவர் தோன்றினார் என்பது சிந்திக்கத்தக்கது. கீரிமலைக்கு மேற்றிசையில், சில கல் தொலைவில் அமைந்த பெரியவிளான் என்னும் சிற்றூரிற் பிறந்த நாகலிங்கம் எதிர்வீரசிங்கமே அவர்.

உடற்பயிற்சி என்பது மேனாட்டார் வந்து கற்பித்த புதுப்பொருள் என்று கொள்வது வரலாற்றுக்கு ஒவ்வாது. சிலம்பம், மல்யுத்தம், சடுகுடு, கிளித்தட்டு ஆகியன ஊர் வெளிகளிலும் கோயில் வீதிகளிலும் தலைமுறை தலைமுறையாக ஆடப்பட்டு வந்தன. கடற்கரை ஊர்களில் நீச்சல் பிள்ளைப் பருவத்திலேயே கைவரும். பாக்குநீரிணையை 1954 ஆம் ஆண்டில் நீந்திக் கடந்த நவரத்தினசாமி இம்மரபினரே. 1971 ஆம் ஆண்டில் வல்வெட்டித்துறையிலிருந்து கோடிக்கரை சென்று மீண்டும் நீந்தியே திரும்பிய குமார் ஆனந்தனும் அம்மரபில் வந்தவர். ஆயினும், தூரத்தையும் உயரத்தையும் அளந்து, நேரத்தைக் கணித்து, முன்னைய அளவோடு பின்னைய அளவை ஒப்பிட்டு, அதனை ஏட்டிற் பதிந்து வைக்கும் வழக்கம் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பாடசாலைகளோடு வந்தது. அமெரிக்க மிசனரிமார், வெசுலியன் மிசனரிமார், அங்கிலிக்கன் மிசனரிமார் ஆகியோர் நிறுவிய கல்லூரிகளில் மெய்வல்லுநர் போட்டிகள் ஆண்டுவிழாக்களாயின. சைவப் பெருமக்கள் நிறுவிய இந்துக் கல்லூரிகளும் அவ்வழக்கத்தை ஏற்றன. மாணவரை இல்லங்களாகப் பிரித்து, ஒவ்வோர் இல்லத்துக்கும் ஒரு நிறமும் ஒரு கொடியும் வகுத்து, தைப்பொங்கலின் பின்னர் வரும் மாதங்களில் விளையாட்டுப் போட்டி நிகழ்த்தும் முறை குடாநாடெங்கும் வேரூன்றியது. மதத்தாற் பிரிந்து நின்ற கல்லூரிகள் மைதானத்தில் ஒரே அளவுநாடாவுக்குக் கட்டுப்பட்டன.

எதிர்வீரசிங்கம் 1934 ஆம் ஆண்டு ஆகத்து மாதம் 24 ஆந் தேதி பிறந்தார். அவர் பயின்றது யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியில். 1816 ஆம் ஆண்டளவில் வெசுலியன் மிசனரிமாரால் தொடங்கப்பெற்ற அக்கல்லூரி, துடுப்பாட்டத்திலும் மெய்வல்லுநர் துறையிலும் நெடும்புகழ் பெற்றது. கோட்டைக்கு அண்மையில் அமைந்த அதன் மைதானத்திலேதான் பெரியவிளான் சிறுவன் உயரம் பாயக் கற்றான்.

உயரம் பாய்தல் என்பது பார்வைக்கு எளிது, ஆராய்வார்க்கு அரிது. இரு கம்பங்களுக்கிடையே ஒரு கோல். அதனைத் தட்டாமற் கடத்தல் வேண்டும். ஒரு காலை மட்டுமே ஊன்றி எழும்புதல் வேண்டும். தொடர்ந்து மூன்று முறை தவறினால் போட்டியினின்று நீங்குதல் வேண்டும். விதி இவ்வளவே. ஆயின் இவ்விதிக்குட்பட்டு மனித உடல் கண்ட வழிகளோ பல. தொடக்கத்தில், இருந்தாற்போல நிமிர்ந்த உடலோடு கால்களைக் கத்தரிபோல் மாற்றி வீசிக் கோலைக் கடப்பதே வழக்கமாயிருந்தது. அம்முறையில் உடலின் நிறைமையம் கோலுக்கு மேலே வெகு உயரம் செல்லவேண்டியிருத்தலால் எழுச்சியின் பெரும்பகுதி வீணாயிற்று. பின்னர், கோலின்மீது உடலைப் பக்கவாட்டிற் கிடத்தி உருளும் முறை தோன்றிற்று. அம்முறையைக் கையாண்ட அமெரிக்கர் யோர்ச் ஓறைன் 1912 ஆம் ஆண்டில் முதன்முதலாக 2 மீற்றர் உயரத்தைப் பாய்ந்தார். அதன்பின், வயிறு கோலை நோக்கக் குப்புறக் கிடந்து சுழன்று கடக்கும் முறை வந்தது. இம்மாறுதல்கள் அனைத்துக்கும் நோக்கம் ஒன்றே: எழும்பும் வலி மாறாதிருப்பினும், கடக்கும் உயரத்தைக் கூட்டுவது எங்ஙனம் என்பது.

இக்காலத்து மாணவர் காணும், முதுகு கோலை நோக்கப் பின்புறமாய்ப் பாயும் முறை 1968 ஆம் ஆண்டு மெக்சிக்கோ ஒலிம்பிக்கில் டிக் பொசுபரியால் உலகறியப்பட்டது. அதற்கு முன் அது பரவாமைக்கு ஒரு காரணம், விழும் இடம் மணலாகவோ மரத்தூளாகவோ இருந்தமை. மணலில் முதுகும் கழுத்தும் படவிழுந்தவன் மறுமுறை எழுந்து பாய்தல் ஐயமே. ஆதலால், எதிர்வீரசிங்கம் பாய்ந்த காலத்திற் பாய்வோன் கோலைக் கடத்தலோடு அமையாது, கீழே பத்திரமாய் வந்து சேரும் வகையையும் காற்றில் இருக்கும்போதே தேடவேண்டியிருந்தது. பஞ்சணை மெத்தையில் விழும் இன்றைய வீரரின் அளவோடு அன்றைய வீரரின் அளவை வைத்து நோக்குவோர் இவ்வேறுபாட்டை மறத்தலாகாது.

1952 ஆம் ஆண்டு பின்லாந்து தேசத்து எல்சிங்கி நகரில் ஒலிம்பிக் விழா நிகழ்ந்தது. அவ்விழாவில் இலங்கையின் சார்பில் உயரம் பாய்தற்கு எதிர்வீரசிங்கம் சென்றபோது அவருக்கு 18 அகவை நிறைந்திருக்கவில்லை. நான்கு ஆண்டுகளுக்கு முன், 1948 ஆம் ஆண்டு இலண்டன் ஒலிம்பிக்கில், தடைதாண்டி ஓடும் 400 மீற்றர் ஓட்டத்தில் டங்கன் வயிற் வெள்ளிப்பதக்கம் பெற்று, இத்தீவின் பெயரை உலக விளையாட்டேட்டிற் பொறித்திருந்தார். அவர் சென்ற வழியிலே குடாநாட்டுப் பாடசாலை மாணவர் ஒருவர் சென்றமை குறிக்கத்தக்கது. 1956 ஆம் ஆண்டு மெல்போண் நகரில் நிகழ்ந்த ஒலிம்பிக்கிலும் அவர் பங்குகொண்டார். இரு விழாக்களிலும் பதக்கம் கிட்டவில்லை. ஆயினும், உலகின் தலைசிறந்தார் பாய்வதை அருகிருந்து நோக்கும் வாய்ப்புக் கிட்டியது. மெல்போணில் 2.12 மீற்றர் பாய்ந்து தங்கம் வென்ற சார்ள்சு தூமாசு, அதே ஆண்டு யூன் மாதத்திலே ஏழடி உயரத்தை முதன்முதற் கடந்தவர். தோல்வியுற்ற களமே சிலருக்குப் பாடசாலையாகின்றது. எதிர்வீரசிங்கத்துக்கும் அவ்வாறே ஆயிற்று.

உயர்கல்வியின் பொருட்டு அவர் லொஸ் ஏஞ்சல்சு நகரிலுள்ள கலிபோணியாப் பல்கலைக்கழகத்தை அடைந்தார். அப்பல்கலைக்கழகத்தின் மெய்வல்லுநர் அணிக்கு எல்வின் டிறேக் என்பார் பயிற்றுநராயிருந்த காலம் அது. அவரிடம் பயின்ற றேபர் யோன்சன், தாய்வான் நாட்டு யாங் சுவான் குவாங் ஆகிய இருவரும் 1960 ஆம் ஆண்டு உரோமாபுரி ஒலிம்பிக்கில் பத்து நிகழ்ச்சிப் போட்டியில் முறையே தங்கமும் வெள்ளியும் வென்றனர். ஒரே பயிற்றுநரின் இரு மாணவர் இருவேறு நாடுகளுக்காக நின்று, உலகின் முதலிரு இடங்களையும் பெற்றமை பயிற்றற் கலையின் வலிமைக்குச் சான்று. இத்தகைய களத்தில் ஓடியும் பாய்ந்தும் பழகிய எதிர்வீரசிங்கம், அப்பல்கலைக்கழகத்தில் எடுத்துக்கொண்ட பாடமோ விவசாயம். செம்மண் தோட்டத்தையும் கிணற்றையும் துலாவையும் நம்பி வாழும் ஊரிற் பிறந்தவர், அத்தொழிலின் அறிவியலைக் கற்கத் துணிந்தது இயல்பே.

அவர் வாழ்வின் உச்சம் 1958 ஆம் ஆண்டு மே மாத இறுதியில் வந்தது. மூன்றாவது ஆசிய விளையாட்டு விழா யப்பானின் தோக்கியோ நகரில் மே 24 தொடக்கம் யூன் 1 வரை நிகழ்ந்தது. அங்கே எதிர்வீரசிங்கம் 2.03 மீற்றர், அதாவது 6 அடி 8 அங்குலம், பாய்ந்து தங்கப்பதக்கம் வென்றார். அஃது ஆசிய விளையாட்டு விழாவில் அந்நாள்வரை எவரும் பாயாத உயரம். இலங்கை ஆசிய விளையாட்டு விழாவிற் பெற்ற முதலாவது தங்கமும் அதுவே. அவ்வுயரத்தின் தகுதியை உணர ஓர் ஒப்பீடு துணைசெய்யும். 1948 ஆம் ஆண்டு இலண்டனில் ஒலிம்பிக் தங்கத்தை ஈட்டிய உயரம் 1.98 மீற்றர், 1952 ஆம் ஆண்டு எல்சிங்கியில் ஈட்டிய உயரம் 2.04 மீற்றர். எனவே, தோக்கியோவில் அவர் பாய்ந்த பாய்ச்சல் இலண்டனில் நிகழ்ந்திருப்பின் முதலிடம் பெற்றிருக்கும். எல்சிங்கியில் நிகழ்ந்திருப்பின் முதலிடத்துக்கு ஒரு சதமமீற்றரே குறைந்திருக்கும். இருபத்துமூன்று வயது இளைஞர் ஒருவர் ஆறே ஆண்டுகளில் இந்நிலையை எய்தினார்.

இனி, அவ்வெற்றியின் மறுபுறத்தையும் வரலாற்றாசிரியன் மறைத்தலாகாது. தோக்கியோவில் இலங்கைக் கொடி உயர்ந்த அதே நாள்களில், இலங்கையில் என்ன நிகழ்ந்தது? 1956 ஆம் ஆண்டில் சிங்களத்தை மட்டும் அரசகரும மொழியாக்கிய சட்டத்தைத் தொடர்ந்து வளர்ந்த பகைமை, 1958 ஆம் ஆண்டு மே மாதத்தின் பிற்பகுதியிற் பெருங் கலவரமாய் வெடித்தது. மே 27 ஆந் தேதி அவசரகால நிலைமை பிரகடனஞ் செய்யப்பட்டது. தென்னிலங்கையில் வாழ்ந்த தமிழர் வீடிழந்தனர், பலர் உயிரிழந்தனர். கொழும்பில் அகதிமுகாங்களிற் புகுந்த ஆயிரக்கணக்கானோர் கப்பலேற்றப்பட்டு வடகரையிற் கொண்டுவந்து இறக்கப்பட்டனர். நாட்டிற்கு முதற்றங்கம் ஈட்டித்தந்தவர் ஒரு தமிழர். அவர் இனத்தவர் அந்நாட்டின் தலைநகரில் வாழ இயலாது வடகடலோரம் வந்து இறங்கியதும் அதே காலத்தில். இவ்விரு நிகழ்ச்சிகளும் ஒரே கிழமைகளில் நிகழ்ந்தன என்பதை நாட்காட்டியே காட்டும். விளையாட்டு இனங்களை இணைக்கும் என்று விழாமேடைகளிற் கூறப்படுவதுண்டு. 1958 ஆம் ஆண்டு அக்கூற்றின் எல்லையை வரைந்து காட்டியது. ஒரு பதக்கம் பெருமையைத் தரும், பாதுகாப்பைத் தராது. இவ்வுண்மையை இலங்கை வரலாற்று மாணவர் கருத்திற் கொள்ளுதல் வேண்டும்.

எனினும், எதிர்வீரசிங்கம் அத்தீவின் நிறந்தாங்கிப் பாய்வதை அத்தோடு விட்டாரல்லர். 1962 ஆம் ஆண்டு யகார்த்தாவில் நிகழ்ந்த நான்காவது ஆசிய விழாவிலும் இலங்கைக்காகப் போட்டியிட்டு வெள்ளிப்பதக்கம் பெற்றார். தம்மை உருவாக்கிய மைதானத்துக்கும் ஆசிரியர்க்கும் தாம் பட்ட கடனை அவர் இவ்வாறு செலுத்தினார் எனக் கொள்ளலாம்.

வெற்றிக்குப் பின் வீரர் என் செய்வார் என்பது எக்காலத்தும் எழும் வினா. சிலர் பழைய புகழை நினைந்தே நாள் கழிப்பர். சிலர் தொழில் மாறி, களத்தை மறப்பர். சிலர் மேலும் மேலும் அரிய முயற்சிகளை நாடுவர். ஆழிக்குமரன் என மக்களாற் போற்றப்பட்ட ஆனந்தன் இம்மூன்றாம் வகையினர். 1984 ஆம் ஆண்டு ஆகத்து மாதத்தில் ஆங்கிலக் கால்வாயை நீந்தும் முயற்சியிலேயே அவர் உயிர் நீத்தார். அவ்வீரம் போற்றத்தக்கது; ஆயின் அவர் உடலோடு அவர் அறிவும் மறைந்தது என்னும் கவலை அதனோடு சேர்ந்தே எழுகின்றது. நான்காம் வகையினர் சிலரே. அவர்கள் தாம் செய்ததைப் பிறர் செய்யும் வகை எது என ஆராய்ந்து ஆசிரியராவர். எதிர்வீரசிங்கம் இந்நான்காம் வகையினர்.

அவர் அமெரிக்காவின் கோணெல் பல்கலைக்கழகத்தில் மேற்படிப்பு மேற்கொண்டு கலாநிதிப் பட்டம் பெற்றார். பின்னர் மேற்கு ஆபிரிக்காவிலுள்ள சியரா லியோன் நாட்டிற் பல்கலைக்கழக ஆசிரியராகப் பணிபுரிந்தார். ஐக்கிய நாடுகள் கல்வி, விஞ்ஞான, பண்பாட்டு நிறுவனமாகிய யுனெசுக்கோவின் கல்விப்பணியிலும் ஈடுபட்டார். புதிதாக விடுதலை பெற்ற ஆபிரிக்க நாடுகளுக்கு அக்காலத்தில் வேண்டப்பட்டது, நிலத்தையும் பிள்ளைகளையும் ஒருங்கே அறிந்த ஆசிரியர். விவசாயமும் கல்வியியலும் பயின்ற யாழ்ப்பாணத்தவர் அப்பணிக்குப் பொருந்தினார்.

இவ்விடத்து ஒரு தடை எழலாம். அவர் கற்பித்தது விவசாயமும் கல்வியுமேயன்றிப் பாய்தல் அன்றே. அங்ஙனமாயின் அவரை வீரர் ஆசிரியரானதற்கு எடுத்துக்காட்டாகக் கொள்வது எங்ஙனம் என்பது அத்தடை. விடை வருமாறு. பாய்தலின் நுட்பம், கண்ணுக்கு ஒரே அசைவாகத் தோன்றும் செயலைக் கூறுபடுத்தி அறிவதில் இருக்கின்றது. ஓடிவரும் அடிகள் இத்தனை என அளத்தல், இறுதி மூன்று அடிகளில் உடலைச் சற்றே தாழ்த்தல், ஊன்றுகாலின் குதியை முதலிற் பதித்தல், மற்றைக் காலை வீசி எழுதல், கோலின்மேற் சுழலுதல், இறங்குதல் என ஒவ்வொரு கூறும் தனித்தனியே பழகப்பட்டுப் பின் ஒன்றாகின்றது. பழகியபின் வீரன் அக்கூறுகளை மறந்துவிடுகின்றான். உடலே அவற்றை அறிந்து செய்கின்றது. மறந்ததை மீள நினைந்து, சொல்லாக்கி, அடுத்தவன் உடலுக்கு ஏற்ற அளவிற் கொடுப்பவனே ஆசிரியன். கோலை ஒவ்வோர் அங்குலமாக உயர்த்தி, தவறிய இடத்தைக் கண்டு திருத்தி, மீண்டும் முயலும் ஒழுக்கம், வயலுக்கும் வகுப்பறைக்கும் பொதுவானது. ஆதலின் அவர் களத்தை விட்டு நீங்கினாரல்லர். களத்தை விரித்தார் என்பதே பொருந்தும்.

அவர் வெளிநாட்டிற் பணிபுரிந்த பதின்மங்களில், பிறந்த மண் பெருந்துன்பங்களைக் கண்டது. 1990 ஆம் ஆண்டிற் போர் மூண்டபோது கீரிமலை, மாவிட்டபுரம், காங்கேசன்துறை, தெல்லிப்பழை முதலிய வலிகாமம் வடக்கு ஊர்களின் மக்கள் இடம்பெயர்ந்தனர். அப்பகுதியின் பெரும்பாகம் உயர் பாதுகாப்பு வலயமாயிற்று. நகுலேச்சரம் குண்டுவீச்சிற் சிதைந்தது. மீளக் கட்டப்பெற்றுக் குடமுழுக்குக் காணும்வரை இருபது ஆண்டுகளுக்கு மேற் சென்றன. பாடசாலைகள் பிறவூர்க் கொட்டில்களில் இயங்கின. மைதானங்களிற் பற்றை மண்டியது. அளவுநாடாவும் பாய்கோலும் தேடுவாரின்றிப் போயின. ஒரு தலைமுறை மாணவர் ஓடவேண்டிய வயதில் ஓடியது பந்தயத்துக்காக அன்று.

இத்தகைய நிலையில் எதிர்வீரசிங்கம் தாயகத்துக்குப் பல முறை மீண்டு வந்தார். வடக்குப் பிள்ளைகளின் கல்வியும் விளையாட்டும் சீர்பெறுதற்கு உழைத்தார். வடமாகாண சபை 2013 ஆம் ஆண்டில் அமைந்தபின், மாகாணத்துக் கல்வி முறைமையை மீளாய்வு செய்யும் முயற்சியிலும் அவர் பங்கு இருந்தது. எண்பது வயதை அணுகிய ஒருவர், வசதிமிக்க நாடொன்றில் அமைதியாய் ஓய்ந்திருத்தல் இயல்பு. அவரோ பாடசாலைகளின் நிலையை ஆராயும் பணியை மேற்கொண்டார். 2024 ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில், 89 ஆம் அகவையில், அவர் அமெரிக்காவிற் காலமானார்.

அவர் விட்டுச்சென்ற மரபு எங்கே வாழ்கின்றது என வினவின், கீரிமலைக்கு அயலிலேயே ஒரு விடை உண்டு. பாவலர் துரையப்பாபிள்ளை 1910 ஆம் ஆண்டில் நிறுவிய தெல்லிப்பழை மகாஜனாக் கல்லூரி, போருக்குப் பிந்திய ஆண்டுகளிற் கோலூன்றிப் பாய்தலிற் பெயர்பெற்றது. அக்கல்லூரி மாணவியாகிய அனித்தா ஜெகதீஸ்வரன் பெண்களுக்கான தேசிய சாதனையைப் பலமுறை புதுப்பித்தார். கோலூன்றிப் பாய்தற்கு வளையுங் கோலும் தடித்த மெத்தையும் வேண்டும். இரண்டும் விலை மிக்கன. இடம்பெயர்ந்து மீண்ட ஊரொன்றிலிருந்து இத்தகைய சாதனை தோன்றியமைக்குக் காரணம் பணமன்று. நாள்தோறும் மாலையில் மைதானத்தில் நின்ற பயிற்றுநரின் பொறுமை. எல்வின் டிறேக்கிடம் அன்று கலிபோணியாவிற் கண்ட அதே உண்மை தெல்லிப்பழையிலும் மெய்யாயிற்று: நல்ல பயிற்றுநர் நிற்கும் இடத்தில் வீரர் தோன்றுவர்.

எனவே இவ்வாழ்விலிருந்து கல்லூரிகள் அறியத்தக்கன இரண்டு. முதலாவது, உடற்கல்வி ஆசிரியரை ஏனைய ஆசிரியரிற் குறைந்தவராக நோக்கும் மனப்பான்மை நீங்குதல் வேண்டும். பரீட்சைப் பெறுபேறு ஒன்றையே கல்வியென மதிக்கும் யாழ்ப்பாணத்தில், விளையாட்டுப் பாடவேளையைக் கணிதத்துக்கு ஈந்துவிடும் வழக்கம் இன்றும் உண்டு. ஒலிம்பிக் களத்திற் பாய்ந்தவரே கலாநிதிப் பட்டமும் பெற்றார் என்பது அவ்வழக்கத்துக்குப் போதிய மறுப்பு. இரண்டாவது, பாய்தல், எறிதல், ஓடுதல் ஆகியவற்றின் நுட்பங்களைத் தமிழில் எழுதிவைத்தல் வேண்டும். ஒவ்வொரு கல்லூரியும் தன் பழைய வீரரின் அளவுகளையும், அவர்கள் பயின்ற முறைகளையும், அவர்களைப் பயிற்றிய ஆசிரியர் பெயர்களையும் ஏட்டிற் பதிந்து காத்தல் வேண்டும். கேடயம் கறுத்துப்போம், பயிற்சிமுறை எழுதப்பட்டால் நிலைபெறும்.

கீரிமலைக் கேணியில் ஊறும் நீர் அவ்விடத்துப் பெய்த மழைநீர் மட்டுமன்று. குடாநாட்டின் உட்புறத்திற் பெய்த மழை, சுண்ணக்கல்லின் பிளவுகளூடே நிலத்தடியில் நெடுந்தூரம் சென்று, கடலோரத்தில் ஊற்றாய் வெளிப்படுகின்றது. நீராடுவோர் அது வந்த வழியை அறியார். ஆசிரியர் பணியும் அத்தகையதே. பெரியவிளானிற் பிறந்து தோக்கியோவில் உயர்ந்தவரின் பாய்ச்சலைக் கண்டவர் ஒரு மைதானத்தவர். அவர் கற்பித்ததன் பயனைப் பெற்றவர் எங்கெங்கோ வாழ்பவர். ஆறடி எட்டங்குலம் என்னும் அளவைப் பின்வந்தோர் பலர் கடந்துவிட்டனர், அதுவே முறை. கடந்தோர்க்கு வழிகாட்டும் ஆசிரியரை உருவாக்குதலே கல்லூரிகளின் கடனாகும்.